பந்தும் பணியும்: டாக்டர் தாலிமெரென் ஆவோவின் வாழ்க்கை

கல்லூரிக் காலத்தில் உதைபந்தாட்டத்திற் பேர்பெற்று விளங்கிய மாணவர் பலர், கல்லூரியை விட்டு நீங்கும்பொழுது அவ்வாட்டத்தையும் அங்கேயே விட்டுச் செல்வது நம்மவரிடையே வழக்கமாகிவிட்டது. புதுக்கடை நீதிமன்றங்களிற் கறுப்பு அங்கி அணிந்து வாதாடுவோரிலும், வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் வைத்தியராயும் வணிகராயும் விளங்குவோரிலும், ஒரு காலத்திற் கல்லூரியின் மேற்சட்டை அணிந்து பந்தின் பின்னே ஓடியவர் பலர் உளர். விளையாட்டா, கல்வியா என்னும் வினா அவர்கள் இல்லங்களில் ஒரு முறையேனும் எழாதிருந்திராது. பெரும்பாலும் அது பெற்றோரின் ஒரு சொல்லோடு தீர்ந்துபோகும் வினாவாகும்.

ஆனால், ஒரு நாட்டின் ஒலிம்பிக் உதைபந்தாட்டக் குழுவின் தலைவராய் இலண்டன் மாநகரில் நின்றவர் ஒருவருக்கு இவ்வினா அத்துணை எளிதிற் தீரவில்லை. ஊதியம் பெற்று ஆடும் தொழில்முறை ஆட்டக்காரருக்குரிய வாயில் அவர் முன்னே திறந்து நின்றது. மறுபுறத்தே முடிவுபெறாத வைத்தியப் படிப்பும், மறைந்த தந்தையாரின் விருப்பமும் நின்றன. அவர் எதனைத் தெரிந்தார், அதனால் யார் பயனடைந்தனர் என்பதை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மலைநாட்டுப் பிள்ளை

1918ஆம் ஆண்டு சனவரி மாதம் 28ஆம் நாள், அக்காலத்தில் அசாம் மாகாணத்தின் பகுதியாயிருந்த நாகா மலை மாவட்டத்திலே, சாங்கி என்னும் சிற்றூரில் தாலிமெரென் ஆவோ பிறந்தார். ஆவோ என்பது அவருடைய குடும்பப் பெயரன்று. நாகா மக்களுள் ஒரு பிரிவினரின் இனப் பெயரே அது. நயினாதீவை நாகதீபமென வழங்கும் நம் மரபிற் பேசப்படும் நாகர் வேறு, பர்மிய எல்லையை ஒட்டிய மலைகளில் வாழும் இந்நாகா மக்கள் வேறு என்பதை வாசகர் நினைவிற் கொள்ளவேண்டும்.

அவருடைய தந்தையார் சுபோங்வாத்தி ஒரு கிறித்தவ போதகர். பன்னிரு பிள்ளைகளைக் கொண்ட அக்குடும்பத்திலே தாலிமெரென் நான்காமவர். பிள்ளைகள் சிறுவராயிருந்தபொழுதே குடும்பம் இம்பூர் என்னும் மிஷன் நிலையத்திற்குக் குடிபெயர்ந்தது. அங்கிருந்த திறந்த வெளியே அவருக்கு முதல் ஆடுகளமாயிற்று. தோற்பந்து கிடைத்தற்கரிய அந்நாளில், கந்தற்றுணியைச் சுருட்டிக் கட்டிய உருண்டையே பந்தாகப் பயன்பட்டது. நம் நாட்டுச் சிற்றூர்களிற் பிறந்து, பனங்கொட்டையையும் துணிப்பந்தையும் உதைத்து வளர்ந்தவர்களுக்கு இது புதிய செய்தியன்று.

தொடக்கக் கல்வி முடிந்ததும், சமவெளியிலுள்ள ஜோர்ஹாட் நகரின் கிறித்தவ உயர்தரப் பாடசாலையில் அவர் சேர்க்கப்பட்டார். அங்கே உதைபந்தாட்டத்தில் மட்டுமன்றி, ஓட்டம், பாய்தல் முதலியவற்றிலும் பரிசில்கள் பெற்றார். இந்நிலையில், 1935ஆம் ஆண்டில், தந்தையார் நெருப்புக் காய்ச்சலாற் காலமானார். தம் மைந்தன் வைத்தியனாகித் தம் மக்களுக்குத் தொண்டு செய்யவேண்டும் என்பதே அப்போதகரின் இறுதி விருப்பமாயிருந்தது. வைத்தியசாலைகள் அரிதாயிருந்த மலைநாட்டிலே, தடுக்கத்தக்க நோயொன்றினால் மாய்ந்த ஒருவர் தெரிவித்த விருப்பம் அது. அதன் பொருள் பதினேழு வயது இளைஞனுக்கு நன்கு விளங்கியிருக்கும்.

கல்லூரியில் வளர்ந்த புகழ்

கௌகாத்தி நகரிலுள்ள கொட்டன் கல்லூரி 1901ஆம் ஆண்டில் நிறுவப்பட்டது. அசாம் முழுவதற்கும் உயர்கல்வி வழங்கிய முதல் நிலையம் அதுவே. அங்கு விஞ்ஞானம் பயிலச் சென்ற தாலிமெரென், சில காலத்துள்ளே கல்லூரி விளையாட்டுப் போட்டிகளில் நிகரற்ற வீரராய் விளங்கினார். நகரின் மகாராணா கழகத்தினர் அவரைத் தம் உதைபந்தாட்டக் குழுவிற் சேர்த்துக்கொண்டனர். முன்னணியில் நின்று கோல் போட்டுப் பழகியவர், நாளடைவில் இடைக்காவலராய் மாறினார். உயர்ந்த உடலமைப்பும், எதிரியின் நோக்கத்தை முன்னதாக அறியும் கூர்மையும் அவ்விடத்துக்கே ஏற்றவையாயின. தாக்குவோருக்குக் கிடைக்கும் ஆரவாரம் காப்போருக்குக் கிடைப்பதில்லை. ஆயினும் ஒரு குழுவின் முதுகெலும்பு அவ்விடத்திலேயே உள்ளது என்பதை ஆடியவர் அறிவர்.

1942ஆம் ஆண்டில் அவருக்குக் கல்கத்தாவிலுள்ள கார்மைக்கேல் வைத்தியக் கல்லூரியில் இடம் கிடைத்தது. தந்தையாரின் விருப்பத்துக்குரிய முதற் படி அதுவாகும். ஆனால் கல்கத்தா, வைத்தியக் கல்லூரிக்கு மட்டும் பேர்பெற்ற நகரன்று. இந்திய உதைபந்தாட்டத்தின் தலைநகரும் அதுவே. 1889இல் தொடங்கிய மோகன் பகான் கழகம், 1911ஆம் ஆண்டு யூலை மாதம் 29ஆம் நாள், கிழக்கு யோர்க்ஷயர் படைப்பிரிவினரை இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் வென்று கேடயத்தைக் கைப்பற்றியது. அன்று ஆடிய பதினொருவருட் பதின்மர் வெறுங்காலினர். ஆண்டவர்களை அவர்களுடைய ஆட்டத்திலேயே வெல்லலாம் என்பதை அவ்வெற்றி நாடு முழுவதற்கும் காட்டிற்று.

இத்தகைய கழகத்திலே 1943ஆம் ஆண்டில் தாலிமெரென் சேர்ந்தார். அவ்வாண்டிலும் அடுத்த ஆண்டிலும் மோகன் பகான் கல்கத்தா லீக் போட்டியில் முதலிடம் பெற்றது. சில ஆண்டுகளுள் அவர் அக்கழகத்தின் தலைவராகவும் தெரியப்பட்டார். வங்காளிகளின் பெருமைக்குரிய ஒரு கழகத்துக்கு, தொலைவிலுள்ள மலைநாட்டு மாணவரொருவர் தலைவரானது அவருடைய ஆட்டத்துக்கு மட்டுமன்றி, அவருடைய பண்புக்கும் கிடைத்த மதிப்பெனலாம்.

அக்காலம் அமைதியான காலமன்று. 1943இல் வங்காளத்தைப் பெரும் பஞ்சம் வருத்தியது. 1944ஆம் ஆண்டு ஏப்ரில் முதல் யூன் வரை அவருடைய நாகா மலைகளிலேயே, கோஹிமாவில், யப்பானியப் படைக்கும் பிரித்தானிய இந்தியப் படைக்குமிடையே கடும்போர் நிகழ்ந்தது. 1946இல் கல்கத்தா வீதிகள் வகுப்புக் கலவரத்தாற் குருதி தோய்ந்தன. இவற்றுக்கிடையே பகலில் வைத்தியக் கல்லூரியும், மாலையில் மைதானமுமாக அவர் நாட்கள் கழிந்தன. 1947இல், 1911க்குப் பின் முதன்முறையாக, மோகன் பகான் மீண்டும் கேடயத்தை வென்றது. அவ்வாண்டிலேயே இந்தியாவும் விடுதலை பெற்றது.

இலண்டன், 1948

பன்னிரண்டு ஆண்டு இடைவெளியின் பின், 1948ஆம் ஆண்டிலே ஒலிம்பிக் போட்டிகள் இலண்டனில் மீண்டும் நடைபெற்றன. விடுதலை பெற்ற இந்தியா கலந்துகொண்ட முதல் ஒலிம்பிக் அது. இலங்கையும் தன் பெயரில் முதன்முறை அதிற் கலந்துகொண்டது. இந்திய உதைபந்தாட்டக் குழு ஒலிம்பிக் களத்திற் காலடி வைத்ததும் அப்பொழுதே. அக்குழுவின் தலைவராய் அமர்த்தப்பட்டவர் முப்பது வயதான, இன்னும் இறுதிப் பரீட்சை முடியாத, வைத்திய மாணவர் தாலிமெரென் ஆவோ.

தொடக்க விழாவில் இந்தியக் குழு முழுவதற்கும் முன்பாக நாட்டின் கொடியை ஏந்திச் செல்லும் பேறும் அவருக்கே வாய்த்தது. அந்நாள் யூலை 29. மோகன் பகானின் வெற்றிக்குச் சரியாக முப்பத்தேழு ஆண்டுகள் கழிந்த நாள் அது. நாட்டின் எல்லைப்புறத்துச் சிற்றூரொன்றிற் பிறந்தவர், ஒரு பெருநாட்டின் கொடியை உலகத்தின் முன் உயர்த்திச் சென்றார்.

இரு நாட்களின் பின், யூலை 31ஆம் நாள், இலண்டனை அடுத்த இல்ஃபர்ட் என்னும் இடத்தில் இந்தியா பிரான்சை எதிர்த்து ஆடியது. அதே நாளிலே வெம்பிளி அரங்கில், நம் நாட்டு வீரர் டங்கன் வைற் 400 மீற்றர் தடை தாண்டும் ஓட்டத்தில் இரண்டாம் இடம்பெற்று வெள்ளிப் பதக்கம் வென்றார். எனவே இலங்கையரும் இந்தியரும் தத்தம் காரணங்களால் நினைவிற் கொள்ளும் நாள் அது.

இந்திய ஆட்டக்காரருட் பெரும்பாலோர் வெறுங்காலுடன் களத்தில் இறங்கினர். இதனைக் கண்டு இலண்டன் பத்திரிகையாளர் வியந்தனர். பாதணியின்றி ஆடுவதன் காரணத்தை அவர்கள் வினாவியபொழுது, தாங்கள் ஆடுவது காலினால் ஆடும் பந்தாட்டமென்றும், மற்றையோர் ஆடுவதோ பாதணியினால் ஆடும் பந்தாட்டமென்றும் பொருள்பட ஆவோ நகைச்சுவையாய் விடையிறுத்தார் என்பர். ஆங்கில மொழியில் அச்சொல் விளையாட்டு மிக நயமாக அமைந்தமையால், மறுநாட் பத்திரிகைகளில் அது இடம்பெற்றதாம்.

ஆட்டத்தில் முதற் கோலைப் பிரான்சு பெற்றது. பிற்பாதியில், எழுபதாம் நிமிடத்தில், பெங்களூர் வீரர் சாரங்கபாணி ராமன் அதனைச் சமன் செய்தார். ஒலிம்பிக் உதைபந்தாட்டத்தில் இந்தியா பெற்ற முதற் கோல் அதுவே. அதனைப் போட்டவர் ஒரு தென்னிந்தியர் என்பதில் நாமும் சிறிது பெருமை கொள்ளலாம். இவ்வாட்டத்தில் இந்தியாவுக்கு இரு தண்ட உதைகள் கிடைத்தன. இரண்டும் வீணாயின. ஆட்டம் முடிவதற்கு ஒரு நிமிடம் இருக்கையிலே பிரான்சு இரண்டாவது கோலைப் பெற்று வென்றது. தோல்வியேயாயினும், வெறுங்காலுடன் ஆடி ஐரோப்பிய நாடொன்றைத் திணறவைத்த குழுவினரை இலண்டன் மக்கள் கரகோஷத்தோடு வழியனுப்பினர்.

திறந்த வாயில்

அவ்வேளையிலேதான் இலண்டனின் ஆர்சனல் கழகத்தினர் ஓராண்டு ஒப்பந்தத்துக்கு ஆவோவை அழைத்தனர் என அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். ஆர்சனல் அப்பொழுது சாதாரணக் கழகமன்று. 1947–48ஆம் ஆண்டு ஆங்கில முதற் பிரிவு லீக்கில் வாகை சூடிய கழகம் அது.

இவ்வழைப்பின் பெறுமதியை இக்கால அளவுகோலால் அளத்தலாகாது. இன்று ஆங்கில நாட்டில் உதைபந்தாடுவோர் பெறும் கோடிக்கணக்கான பணத்தை எண்ணி, ஆவோ பெருஞ்செல்வத்தை உதறினார் எனக் கூறுவது வரலாற்றுக்குப் பொருந்தாது. அக்காலத்தில் ஆங்கிலக் கழகங்கள் தம் ஆட்டக்காரருக்கு வாரமொன்றுக்குப் பன்னிரண்டு பவுணுக்கு மேற் கொடுத்தல் கூடாதென்ற விதி இருந்தது. ஆட்டம் நடைபெறாத கோடை மாதங்களில் அது பத்துப் பவுணாய்க் குறையும். அவ்விதி 1961இலேயே நீங்கிற்று. எனவே அவர் முன் நின்ற கேள்வி, செல்வமா, தொண்டா என்பதன்று. உலகப் புகழ் பெற்ற களத்தில் தன் ஆற்றலைச் சோதித்துப் பார்க்கும் வாய்ப்பா, முடிக்கவேண்டிய கடனா என்பதே அக்கேள்வி. திறமை மிக்க ஒருவனுக்குப் பணத்தை விடுவதிலும் இவ்வாய்ப்பை விடுவது அரிதாகும்.

அவ்வழியிற் சிறிது தூரம் முன்னரே சென்று மீண்டவர் ஒருவர் கல்கத்தாவில் இருந்தார். மொகமதன் ஸ்போர்ட்டிங் கழகத்தைச் சேர்ந்த முகம்மது சலீம், 1936ஆம் ஆண்டில் ஸ்கொத்லாந்து சென்று, கிளாஸ்கோ நகரின் புகழ்வாய்ந்த செல்ற்றிக் கழகத்தில் ஆடினார். அவருடைய வெறுங்கால்களுக்குத் துணி சுற்றிக் கட்டிக் களத்தில் இறக்கினர். அவ்வாண்டு ஓகஸ்ட் மாதத்தில் கால்ஸ்டன் குழுவுக்கு எதிராக அவர் ஆடிய ஆட்டத்திலே செல்ற்றிக் ஏழுக்கு ஒன்று என்ற கணக்கில் வென்றது. கழகத்தார் அவரை இருத்திக்கொள்ள விரும்பியும், தாய்நாட்டின் நினைவு அவரை விடவில்லை. இரண்டே ஆட்டங்களின் பின் அவர் கல்கத்தாவுக்குத் திரும்பிவிட்டார். ஐரோப்பியக் கழகமொன்றில் ஆடிய முதல் இந்தியர் என்னும் சிறப்பு அவருக்குரியது.

சலீமை ஊர் நினைவு அழைத்தது. ஆவோவை அழைத்ததோ தந்தைக்குத் தாம் கடன்பட்ட வாக்கு. ஆர்சனல் அழைப்பை அவர் ஏற்கவில்லை. படிப்பை முடிப்பதற்காகக் கல்கத்தாவுக்குத் திரும்பினார்.

வைத்தியப் பணி

அவர் இலண்டன் சென்ற 1948ஆம் ஆண்டிலே, அவருடைய கல்லூரியின் பெயர் ஆர். ஜி. கர் வைத்தியக் கல்லூரி என மாற்றப்பட்டது. வேற்று நாட்டு ஆளுநரின் பெயர் நீங்கி, அக்கல்லூரியைத் தொடங்கிய வங்காள வைத்தியர் ராதா கோவிந்த கரின் பெயர் நிலைத்தது. 1950ஆம் ஆண்டிலே ஆவோ வைத்தியப் பட்டம் பெற்றார். சேர்ந்த நாள் முதல் எட்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. அவர் கல்விக்காக விளையாட்டைத் துறந்தவர் என்று கூறுவோர் இக்கணக்கைக் கவனிப்பாராக. ஆடவேண்டிய காலத்தில் அவர் முழுமனதோடு ஆடினார். ஆயினும் சென்று சேரவேண்டிய இடத்தை அவர் மறக்கவில்லை.

1950இல் உலகக் கிண்ணப் போட்டிக்காகப் பிரேசிலுக்குச் செல்லும் வாய்ப்பு இந்தியாவுக்குக் கிடைத்தும், இந்தியக் குழு செல்லவில்லை. 1951இல் டில்லியில் நடந்த முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியில், இலண்டனில் ஆவோவுடன் ஆடிய சைலன் மன்னாவின் தலைமையில் இந்தியா தங்கப் பதக்கம் பெற்றது. 1952இல் நம் கொழும்பு நகரிலேயே கொழும்புக் கிண்ணப் போட்டி முதன்முறை நடைபெற்று, இந்தியாவும் பாகிஸ்தானும் கிண்ணத்தைப் பகிர்ந்துகொண்டன. அவ்வாண்டே ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியா பத்துக்கு ஒன்று என இந்தியாவை வீழ்த்த, வெறுங்கால் ஆட்டத்தின் காலம் முடிந்தது. இந்நிகழ்ச்சிகளெல்லாம் நடந்தபொழுது, முன்னாள் தலைவர் திப்ருகார் நகரின் வைத்தியசாலையிலே காது, மூக்கு, தொண்டை நோய்ப் பிரிவிற் பணிபுரிந்துகொண்டிருந்தார்.

1953இல் அவர் கோஹிமாவுக்கு மாற்றம் பெற்று, உதவிக் குடிசார் சத்திரவைத்தியராய்த் தம் மலைகளை வந்தடைந்தார். போரினால் அழிந்து எழுந்துகொண்டிருந்த நகரம் அது. ஐம்பதுகளின் நடுப்பகுதியிலிருந்து நாகா மலைகளில் ஆயுதப் போராட்டமும் இராணுவ நடவடிக்கையும் மூண்டன. அத்தகைய காலத்தில் அம்மண்ணிற் பிறந்து, அம்மக்களின் மொழியறிந்த ஒரு வைத்தியர் அங்கிருந்தது எத்துணை ஆறுதல் அளித்திருக்கும் என்பதை, போர்க்காலத்தில் வைத்தியரில்லா ஊர்களின் துன்பத்தைக் கண்ட நம் நாட்டவர் எளிதில் உணர்வர்.

1963ஆம் ஆண்டு டிசெம்பர் முதலாம் நாள் நாகாலாந்து இந்தியாவின் பதினாறாவது மாநிலமாயிற்று. புதிய மாநிலத்தின் சுகாதார சேவைப் பணிப்பாளராக டாக்டர் ஆவோ பொறுப்பேற்றார். தந்தையாரைப் பறித்த காய்ச்சலைப் போன்ற நோய்களினின்றும் ஒரு மலைநாடு முழுவதையும் காக்கும் பணி இவ்வாறு அவர் கையில் வந்தது. 1978இல் ஓய்வுபெறும்வரை அப்பணியில் நின்றார். 1998ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 13ஆம் நாள், தமது எண்பதாவது வயதில், அவர் காலமானார். 2009ஆம் ஆண்டு முதல், வடகிழக்கு இந்திய மாநிலங்களின் குழுக்கள் அவர் பெயரால் அமைந்த கிண்ணத்துக்காக உதைபந்தாடியுள்ளன.

நாம் கொள்ளத்தக்கது

இவ்வரலாற்றைக் கூறி, பிள்ளையை மைதானத்திலிருந்து வீட்டுக்கு இழுத்துவரும் பெற்றோர் இருக்கக்கூடும். அவர்கள் இதனைப் பிழையாக விளங்கிக்கொண்டவர்கள். மைதானத்திற்குப் போகாதேயென ஆவோவை எவரும் தடுத்திருந்தால், இந்தியாவின் கொடியை ஏந்த இலண்டனில் அவர் இருந்திருக்கமாட்டார். குழுவினரை ஒன்றுசேர்த்து நடத்தும் பயிற்சியும், தோல்வியைத் தாங்கும் உள்ளமும், வேற்றுமொழி பேசுவோரின் நம்பிக்கையைப் பெறும் ஆற்றலும் அவருக்கு மைதானம் தந்தவை. பிற்காலத்தில் ஒரு மாநிலத்தின் சுகாதாரத்தையே நடத்தியவருக்கு அவை வீண்போயிரா.

தொழில்முறை ஆட்டத்தை ஏற்பது தாழ்வென்பதும் இதன் கருத்தன்று. இன்று இந்தியாவிலும் இலங்கையிலும் ஊதியம் பெற்று ஆடும் இளைஞர் உளர். அவர்களுட் பலர் அவ்வூதியத்தினாலேயே தம் குடும்பத்தைத் தாங்குகின்றனர். அவரவர் கடன் அவரவர்க்கு. ஆவோவுக்கு முன்னரே ஒரு கடன் இருந்தது. அழைப்பு வந்த வேளையில் அதனை அவர் மறவாதிருந்தார். அவ்வளவே.

உதைபந்தாட்டத்தில் இடைக்காவலர் செய்வதும் அத்தகையதே. முன்னே செல்ல வழி திறந்திருப்பினும், தம் பக்கத்துக்குக் காவல் தேவையென்று கண்டால் அவர் பின்னோக்கி வருவார். கோஹிமாவுக்குத் திரும்பிய டாக்டர் தாலிமெரென் ஆவோ, தமக்குப் பழகிய அவ்விடத்திலேயே நின்று ஆடினார்.